பாலம் தாண்டி எங்கே போகிறாள்?



புதுமைப்பித்தனின் 'செல்லம்மாள்' கதையைப் படித்தவர்கள் இங்கே பலர் இருப்பீர்கள். ஜவுளிக்கடையில் வேலை பார்க்கும் கணவரோடு செல்லம்மாளுக்குச் சென்னையில் குடித்தனம். நோயில் படுத்தவளுக்கு அவரைத் தவிர நாதியில்லை. ஊருக்குப் போகணும் என்ற ஆசை தீராமலே செத்துப்போகிறாள்.

இன்றைய செல்லம்மாள்கள் சென்னை வரை போக வேண்டியதில்லை. அம்பாசமுத்திரத்திலிருந்தும் ராதாபுரத்திலிருந்தும் வந்து, நம் பாளையங்கோட்டையிலேயே அறை எடுத்துத் தங்கி, கடையிலும் ஆஸ்பத்திரியிலும் வேலை பார்க்கிறார்கள். 1895-லேயே பெண்களுக்கென்று சாராள் தக்கர் கல்லூரி கண்ட ஊர் இது, படிப்புக்குக் குறைவில்லை. 2021 மே முதல் சாதாரண டவுன் பஸ்ஸில் பெண்களுக்குக் கட்டணமும் இல்லை. தாமிரபரணி மேல் 1843-ல் திறந்த சுலோச்சன முதலியார் பாலத்தை இன்றைய செல்லம்மாள் தினமும் தாண்டுகிறாள். தாண்டி எங்கே போகிறாள்? வேலைக்கு; பிறகு அறைக்கு. அவ்வளவுதான்.

வேலை முடிந்த ஆணுக்கு டீக்கடை பெஞ்சு இருக்கிறது, குறுக்குத்துறை ஆற்றுப் படி இருக்கிறது. ஜங்ஷனில் அரை மணி நேரம் நின்று பேசினாலும் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. அவள் ஐந்து நிமிஷம் நின்றால், "யாருக்காக நிக்கா?" என்று ஊரே பார்க்கிறது. அறைக்குப் போய்ப் போனைத் திறக்கிறாள். போனைக் குறை சொல்கிறோமே, வேறு எந்தக் கதவை அவளுக்குத் திறந்து வைத்தோம்?

இந்தத் தனிமை அவளுக்கு மட்டுமல்ல. உலகில் ஆறு பேரில் ஒருவரைத் தனிமை வாட்டுகிறது, ஆண்டுக்கு 8,71,000 சாவுகளுக்கு அதோடு தொடர்பு இருக்கிறது என்று உலகச் சுகாதார நிறுவனம் 2025-ல் சொன்னது. அதிகம் வாடுவோரில் இளையவர்களும் உண்டு. "ஒரு கல்யாணத்தைப் பண்ணி வச்சா எல்லாம் சரியாயிரும்" என்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன்: செல்லம்மாளுக்குக் கல்யாணம் ஆகித்தான் இருந்தது.

இலக்கியக் கூட்டம் நடத்துகிறவர்களே, பெண்கள் விடுதிக் கதவு எத்தனை மணிக்கு அடைக்கிறார்கள் என்று கேட்டுவிட்டு உங்கள் கூட்டத்துக்கு நேரம் குறியுங்கள். வீட்டை வாடகைக்கு விட்டிருக்கும் அம்மாமார்களே, மாடியில் இருக்கிற பிள்ளையிடம் வாடகை நாளில் மட்டும் பேசாதீர்கள். "ஏட்டி, சாப்ட்டியா?" என்று இன்று ராத்திரியே கேளுங்கள். தோழிகளே, அடுத்த கூட்டத்துக்குத் தனியாக வராதீர்கள். பக்கத்து அறைக்காரியையும் கையைப் பிடித்துக் கூட்டி வாருங்கள்.