அடிதடி வழக்கும் முன் ஜாமீனும்



கோமுகி நீர் பாயும் கள்ளக்குறிச்சி வயல்களிலாயினும், கல்வராயன் மலையின் மரவள்ளிக் கொல்லைகளிலாயினும், வரப்பு ஒரு சாண் நகர்ந்ததென்றோ, மடை முந்தித் திறக்கப்பட்டதென்றோ எழும் வாய்ச்சண்டை சில வேளைகளில் கைச்சண்டையாக முற்றிவிடுகிறது. உடனே அடித்தவர் வீட்டார் முன் ஜாமீன் தேடி ஓடுகின்றனர். அது கிடைத்துவிட்டால் வழக்கே தீர்ந்தது என அவர் மகிழ்வதும், அடிபட்டவர் மனமுடைவதும் வழக்கம். இரண்டும் பிழையே. முன் ஜாமீன் விடுதலையன்று. கைதினின்றும் பெறும் பாதுகாப்பு மட்டுமே. விசாரணையும் தீர்ப்பும் பின்னரும் உண்டு.

1898-ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இவ்வழி இருந்ததில்லை. பகைவரைப் பொய்வழக்கில் மாட்டிச் சிறையில் இருத்தி இழிவுபடுத்தும் தீமையைக் கருதி, 1969-இல் சட்ட ஆணையம் பரிந்துரைக்க, 1973-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 438-ஆம் பிரிவாக இது இடம்பெற்றது. 2024 ஜூலை 1 முதல் பாரதீய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 482-ஆம் பிரிவு இதற்குரியது. செஷன்ஸ் நீதிமன்றத்திலோ, சென்னை உயர் நீதிமன்றத்திலோ மனுச் செய்யலாம்.

எல்லா அடிதடிக்கும் இது வேண்டுவதன்று. கையால் அடித்துச் சிறு காயம் விளைத்த குற்றத்தில் ஜாமீன் உரிமையாகவே கிடைக்கும். அரிவாள், கத்தி போன்ற ஆயுதத்தால் காயம் விளைத்தலும், கொலை முயற்சியும் ஜாமீனில் விடத்தகாத குற்றங்கள். இவற்றிலேயே முன் ஜாமீன் தேவைப்படுகிறது.

நீதிமன்றம் எவற்றை நோக்குகிறது? காயம் எத்தகையது, உடலின் எப்பாகத்தில் பட்டது, காயமடைந்தவர் மருத்துவமனையினின்றும் வீடு திரும்பினாரா, ஆயுதம் எது, மனுதாரர் தாமே வெட்டினாரா அன்றிக் கூட்டத்தில் நின்றாரா, முன் வழக்குகள் உண்டா, ஓடிவிடுவாரா, சாட்சிகளை மிரட்டுவாரா என்பனவற்றைச் சீர்தூக்குகிறது. வெறும் அச்சம் போதாது, கைதாவோம் என நம்புவதற்குத் தக்க காரணம் வேண்டும் என உச்ச நீதிமன்றம் 1980-இல் குர்பக்ஷ் சிங் சிப்பியா வழக்கில் கூறிற்று. இப்பாதுகாப்பைப் பொதுவாகக் குறுகிய காலத்திற்கென வரையறுக்க வேண்டியதில்லை எனச் சுசீலா அகர்வால் வழக்கில் 2020-இல் தீர்ப்பளித்தது. எனினும் விசாரணைக்கு வருதல் வேண்டும், சாட்சிகளை அச்சுறுத்தலாகாது என்பன போன்ற நிபந்தனைகள் விதிக்கப்படும். மீறினால் ஜாமீன் ரத்தாகலாம்.

மலைவாழ் மக்கள் சிறப்பாக அறியவேண்டியது ஒன்றுண்டு. பட்டியல் பழங்குடியினரான மலையாளி மக்களை அவ்வகுப்பினரல்லாத பிறர் தாக்கி, 1989-ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி வழக்குப் பதிவானால், அச்சட்டத்தின் 18-ஆம் பிரிவு முன் ஜாமீனைத் தடுக்கிறது. புகாரில் அக்குற்றத்திற்கு முதல் நோக்கிலேயே ஆதாரமில்லையெனின் மட்டும் நீதிமன்றம் அதனை வழங்கலாம் என உச்ச நீதிமன்றம் 2020-இல் விளக்கியது. ஜாமீன் விசாரணையில் தம் கருத்தைச் சொல்லவும் அடிபட்டவருக்கு அச்சட்டம் உரிமை தந்துள்ளது. பழங்குடியினருக்கும் பெண்களுக்கும் வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி உண்டு. வட்டச் சட்டப் பணிகள் குழுவை அணுகுக.

இனி நம் கடமை யாது? வெள்ளிமலையினின்றும் கீழிறங்கியேனும் அடிபட்டவரை உடனே மருத்துவமனையில் சேர்ப்பிப்போமாக. காயத்தின் உண்மையை மருத்துவர் குறிப்பே நீதிமன்றத்திற்கு எடுத்துரைக்கும். நடந்ததை நடந்தவாறே புகாரில் எழுதச் சொல்வோமாக. அடித்தவன் ஒருவனாயிருக்க, அவன் தந்தையையும் தமையனையும் சேர்த்தெழுதினால், அப்பொய்யே மெய்யான குற்றவாளிக்குத் துணையாகிவிடும். அடித்தவரை ஒளித்து வைப்பதும், 'புகாரை வாங்கிக்கொள்' என அடிபட்டவரை ஊர்க்கூட்டத்தில் நெருக்குவதும் நமக்குத் தகா. சமாதானம் நன்றே, ஆயினும் அச்சத்தினால் விளைவது சமாதானமாகாது.

நீதிபதி நம் ஊர் வரப்பைக் கண்டவரல்லர். நாம் தரும் சொல்லையும் சான்றையும் கொண்டே அவர் முடிவு செய்கிறார். அச்சொல் மெய்யாயிருப்பின், குற்றமற்றவர் சிறை புகார். அடிபட்டவரும் நீதி இழவார்.