விடிய விடியக் கேட்டவர்களின் வாரிசுகள்



இருண்டது, சிக்கலானது, மிகப் பெரியது என்று சொல்லப்படும் ஒரு காவியப் புனைவை நம் வாசகர்கள் எப்படி எதிர்கொள்கிறார்கள் என்பதே இந்தச் சுங்கைப்பட்டாணிக் கருத்தரங்கின் பொருள். ஜெயமோகனின் 'விஷ்ணுபுரம்' நாவலை நடுவில் வைத்து இரண்டு நாள் பேசப் போகிறோம். நாவலைப் பற்றிய கட்டுரைகள் தமிழில் நிறைய வந்துவிட்டன. அதை வாசித்தவர்களைப் பற்றிய கட்டுரைகள் குறைவு. அந்தக் குறையை மலேசியாவின் கெடாவிலிருந்து நிரப்பத் தொடங்குகிறோம் என்பதில் எனக்குப் பெருமை உண்டு.

'விடிய விடிய ராமாயணம் கேட்டு, சீதைக்கு ராமன் சித்தப்பன்' என்ற பழமொழியைச் சொல்லி நாம் எல்லோரும் சிரித்திருக்கிறோம். இன்று நான் அந்த மனிதருக்காகப் பேச விரும்புகிறேன். அவர் விடியும்வரை எழுந்து போகவில்லை. பகலெல்லாம் உழைத்த உடம்பு, நடுவில் கண்ணயர்ந்திருக்கும். விழித்ததும் தன் குழப்பத்தை மறைக்காமல் வாய்விட்டுச் சொன்னார். அதைக் கேட்கப் பக்கத்தில் ஓர் ஆளும் இருந்தார். ஒரு பெருங்கதையைக் கேட்பதற்கு வேண்டியவை எல்லாம் அந்த இடத்தில் இருந்தன.

இதை நான் ஏட்டில் படித்துச் சொல்லவில்லை. பீடோங்கை ஒட்டிய ஒரு ரப்பர் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீட்டில், பிறந்தவன் நான். மாரியம்மன் திருவிழாவின் கடைசி இரவில் கோயில் முன்னால் எண்ணெய்ப் பீப்பாய்களை அடுக்கி, அவற்றின் மேல் பலகை போட்டு மேடை கட்டுவார்கள். ஒரு வருடம் நல்லதங்காள் நாடகம். நல்லதங்காள் தன் ஏழு பிள்ளைகளையும் ஒவ்வொன்றாகக் கிணற்றில் தள்ளுகிறாள். நாலாவது பிள்ளை விழும்போது அம்மாவின் மடியில் நான் தூங்கிவிட்டேன். விழித்தபோது மேடையில் வேறு யாரோ அழுதுகொண்டிருந்தார்கள். பக்கத்தில் உட்கார்ந்திருந்த கிழவி, நான் கேட்காமலே, விட்டுப்போனதை நாலே வார்த்தையில் சொல்லிவிட்டு மீண்டும் மேடையைப் பார்க்கத் திரும்பினார்.

விடியற்காலையில் பெரட்டுக்கு, அதாவது ஆளெடுப்புக்கு, மணி அடித்தது. நாடகம் பார்த்த கண்ணோடு எல்லோரும் உளியையும் வாளியையும் எடுத்துக்கொண்டு காட்டுக்குப் போனார்கள். பள்ளி விடுமுறையில் பால் வடியும் மங்குகளைத் துடைக்க அம்மாவோடு நானும் போயிருந்தேன். பால்மரத்தில் கோடு போட்டுக்கொண்டே ஒரு நிரையிலிருந்து அடுத்த நிரைக்குக் குரல் கொடுத்துப் பேசினார்கள். அண்ணி மூளியலங்காரி கதவைச் சாத்தியது தப்பா? பெற்றவளே பிள்ளையைக் கொல்வது எந்த நியாயத்தில் சேரும்? அண்ணன் நல்லதம்பி வேட்டைக்குப் போகாமல் இருந்திருந்தால்? ஒட்டுப்பால் பிரித்து முடிக்கும்வரை அந்த வழக்கு ஓயவில்லை. கதை இருட்டாக இருக்கிறது என்று அங்கே யாரும் முறையிடவில்லை. சயாம் மரண ரயிலுக்கு ஆளனுப்பிய லயங்கள் அவை. 415 கிலோமீட்டர் நீளமுள்ள அந்தப் பாதையைப் போட 1942, 1943ஆம் ஆண்டுகளில் மலாயாத் தோட்டங்களிலிருந்து பிடித்துச் செல்லப்பட்ட நம்மவர்களில் பல்லாயிரவர் திரும்பவில்லை. இருளை அவர்கள் வீட்டுக்குள்ளேயே பார்த்திருந்தார்கள். கதையில் அது வந்தபோது, பேசுவதற்கு ஒரு வழி கிடைத்தது.

இப்போது 'விஷ்ணுபுர'த்துக்கு வருகிறேன். 1997இல் வெளிவந்த 800 பக்கங்களுக்கு மேற்பட்ட நாவல். கோயில் நகரம் ஒன்று. கருவறையில் படுத்திருக்கும் பேருருவச் சிலை. திருவனந்தபுரத்தில் பத்மநாபனை மூன்று வாயில்கள் வழியே பகுதி பகுதியாகப் பார்க்கிறோம் அல்லவா, அதுபோல இங்கும் முழு உருவத்தை ஒரே பார்வையில் யாரும் கண்டதில்லை. நாவலின் மூன்று பகுதிகளுக்கும் ஸ்ரீபாதம், கௌஸ்துபம், மணிமுடி என்றே பெயர். காலமும் நேர்வரிசையில் நகர்வதில்லை. முதல் பகுதியில் நகரம் ஏற்கெனவே சரிவில் இருக்கிறது. இரண்டாம் பகுதி பல நூற்றாண்டு பின்னால் போய், ஞானசபையில் நடந்த பெரும் தத்துவ விவாதத்தையும் பௌத்தனான அஜிதனையும் காட்டுகிறது. முதல் பகுதியில் புராணமாகக் காதில் விழுந்த பெயர்கள் அங்கே ரத்தமும் சதையுமாக நடமாடுகின்றன. மூன்றாம் பகுதி நகரத்தின் அழிவு, பிரளயம்.

இந்த நாவலுக்குத் தமிழ் வாசகர்கள் காட்டிய எதிர்வினைகள் ஒன்றோடொன்று மோதுபவை. பழைய மதப் பெருமையை மீட்கும் நூல் இது என்று ஒரு சாரார் சினந்தார்கள். தெய்வத்தையே கேள்விக்குள்ளாக்கும் நூல் என்று இன்னொரு சாரார் வருந்தினார்கள். தத்துவ விவாதங்கள் கதையை நிறுத்திவிடுகின்றன என்றார்கள் சிலர். அந்த விவாதங்களுக்காகவே திரும்பத் திரும்ப வாசிப்பதாகச் சொன்னார்கள் வேறு சிலர். முதல் நூறு பக்கத்தைத் தாண்ட முடியாமல் மூடிவைத்தவர்கள் எத்தனையோ பேர். அவர்களில் நானும் ஒருவன். வாங்கிய முதல் பிரதி பல ஆண்டுகள் என் அலமாரியில் அப்படியே கிடந்தது. இத்தனைக்கும் நடுவே, அந்த நூலின் பெயரிலேயே 2009இல் கோவையில் வாசகர்கள் ஓர் இலக்கிய வட்டம் தொடங்கினார்கள். 2010 முதல் ஆண்டுதோறும் மூத்த படைப்பாளிகளுக்கு விருது வழங்குகிறார்கள். 2017ஆம் ஆண்டு அந்த விருதைப் பெற்றவர் நம் கெடாவின் எழுத்தாளர் சீ. முத்துசாமி என்பதை இந்த அவையில் நன்றியோடு நினைவுகூர்கிறேன்.

நம் வாசகர்களுக்கு இந்நாவல் எங்கே இடறியது, எங்கே திறந்துகொண்டது? என் தலைமுறை, கெடாவின் பழம்பெயரான கடாரத்தைச் சாண்டில்யனின் 'கடல் புறா'விலும் அகிலனின் 'வேங்கையின் மைந்த'னிலும் கண்டு வளர்ந்தது. கப்பல், கொடி, வெற்றி. 1025ஆம் ஆண்டு வாக்கில் ராஜேந்திர சோழன் இங்கே படை நடத்தினான் என்று சொல்லிக்கொள்வதில் லயத்துப் பிள்ளைகளான எங்களுக்கு ஒரு நிமிர்வு இருந்தது. அந்த நிமிர்வு எங்களுக்குத் தேவைப்பட்டது. அதை நான் குறைத்துப் பேச மாட்டேன். ஆனால் வெற்றிக் கதையில் பழகிய கண், நகரத்தையே உள்ளிருந்து உளுத்துப்போனதாகக் காட்டும் ஒரு நாவலைத் திறந்தால் தடுமாறத்தான் செய்யும். எங்கள் வாசகர் வட்டத்தில் முதலில் எழுந்த முறையீடும் இதுதான்: இதில் யாரைப் பிடித்துக்கொண்டு நடப்பது?

ஒரு நாள் வட்டத்தில் சிலராகப் பூஜாங் பள்ளத்தாக்குக்குப் போனோம். ஜெராய் மலையடிவாரத்தில், மெர்போக் அருகே, புக்கிட் பத்து பஹாட் சண்டி என்ற பழங்கோயில் இருக்கிறது. 1960 வாக்கில் கற்களைச் சேர்த்து மீட்டெடுத்த அடித்தளம் அது. மேலே கூரை இல்லை. மரத்தால் எழுந்திருந்த பகுதி எப்போதோ மக்கிப்போய், தூண்கள் நின்ற கல் தடங்கள் மட்டும் மிஞ்சியிருக்கின்றன. பாதத்தைப் பார்த்து முடியை ஊகிக்க வேண்டிய இடம். இதே பள்ளத்தாக்கில் வேறொரு சண்டியின் எச்சம் 2013இல் நில மேம்பாட்டு வேலைக்காக இடிக்கப்பட்ட செய்தி நாடு முழுக்கப் பேசப்பட்டது. அந்தக் கற்களுக்கு நடுவே நின்றபோது, காலத்தை முன்னும் பின்னும் புரட்டிப்போட்ட நாவலின் அமைப்பு எங்களுக்குச் சிக்கலாகத் தெரியவில்லை. கெடாக்காரனுக்குத் தன் மண்ணின் வரலாறே அந்த வரிசையில்தான் கிடைத்திருக்கிறது: முதலில் இடிபாடு, பிறகு அதன் கதை.

வட்டத்தில் ஓர் அக்கா இருக்கிறார். தோட்டத்தில் பிறந்து, தோட்டம் விற்கப்பட்டபின் நகரத்து அடுக்குமாடிக்கு வந்தவர். தொழிற்சாலையில் ஷிப்ட் வேலை. அவருடைய 'விஷ்ணுபுரம்' பிரதியைக் கையில் வாங்கிப் பார்த்தேன். மளிகைக்கடை ரசீதுகள் மூன்று, மூன்று இடங்களில் செருகப்பட்டிருந்தன. பின்னட்டையின் உட்புறத்தில் பென்சிலால் பாத்திரங்களின் பெயர்களை எழுதி, யார் யாருக்கு முன்னால் வாழ்ந்தவர் என்று கோடு இழுத்திருந்தார். இரண்டு கோடுகளை அழித்து மறுபடி போட்டிருந்தார். விவாதப் பகுதியில் நின்றுபோனதை அவர் மறைக்கவில்லை. அதை விட்டுவிட்டு அழிவுப் பகுதிக்குப் போய், அங்கிருந்து திரும்பி வந்து விவாதத்தைப் படித்திருக்கிறார். அவரை உலுக்கிய இடம் ஒன்றுதான். அந்தச் சிலையை விஷ்ணு என்று நகரம் வணங்க, மலைக்குடியினர் தங்கள் பெருமூப்பன் என்று நம்புகிறார்கள் அல்லவா, அந்த இடம். புத்தகத்தை மூடிவைத்துவிட்டு அன்று இரவு தூங்கவில்லை என்றார்.

காரணத்தையும் சொன்னார். அவருடைய தோட்டத்தில், பழைய பால்மரக்காட்டின் ஓரம், ஒரு கல் இருந்தது. முனியாண்டி. சுருட்டும் கள்ளும் படைத்துக் கும்பிட்டார்கள். காட்டை அழித்துச் செம்பனை நட்டபோது கல்லை லயத்துக்குக் கொண்டுவந்தார்கள். தோட்டம் விற்கப்பட்டபோது நகரத்துக்குக் கொண்டுவந்து சிமெண்டில் கோயில் கட்டினார்கள். இடம் மாறியபோதெல்லாம் சாமியின் பெயரும் கொஞ்சம் மாறியது. இப்போது கள் இல்லை, சுருட்டு இல்லை, பெயர்ப்பலகையில் முனியாண்டி என்ற எழுத்தும் இல்லை. உள்ளே இருப்பது அதே கல்தானா என்று தனக்குத் தெரியவில்லை என்றார். நாவலைப் பற்றி நான் படித்த எந்தக் கட்டுரையும் அதன் மையத்தை எனக்கு இவ்வளவு கிட்டத்தில் காட்டியதில்லை. அலமாரியில் கிடந்த என் பிரதியை நான் மறுபடி எடுத்தது அவர் இதைச் சொன்ன இரவில்தான். அந்த அக்கா எனக்கு நல்லதங்காள் நாடகத்துக் கிழவி.

அவையோரே, இன்று நான் வலியுறுத்த விரும்புவது இதைத்தான். 'புரியவில்லை', 'இருட்டாக இருக்கிறது', 'சிக்கலாக இருக்கிறது' என்று ஒரு வாசகர் சொல்லும்போது அவர் நூலைப் பற்றி மட்டும் பேசவில்லை. பக்கத்தில் ஆளில்லை என்றும் சொல்கிறார். நாடகத்தை ஊரே சேர்ந்து பார்த்தது. நாவலை ஒருவர் அறைக்குள் உட்கார்ந்து வாசிக்கிறார். தூங்கி விழித்தால் விட்டுப்போனதைச் சொல்ல யாருமில்லை. மறுநாள் காலையில் வழக்காட நிரைகளும் இல்லை. தோட்டங்கள் துண்டாடப்பட்டபோது நாம் இழந்தவற்றைப் பட்டியலிடுகிறோம்: லயம், பள்ளி, கோயில், சுடுகாடு. அந்தப் பட்டியலில் இன்னொன்றையும் சேருங்கள். சேர்ந்து கேட்கும் கூட்டத்தையும் இழந்தோம்.

அந்தக் கூட்டம் இல்லாத இடத்தில் என்ன நடக்கும் என்பதற்கும் நம் மாநிலத்துக் கதையே சான்று. லூனாஸ் மண்ணில் பிறந்த ம. நவீன் 2019இல் 'பேய்ச்சி' நாவலை வெளியிட்டார். 1981இல் லூனாஸில் சம்சு என்ற மலிவுச் சாராயத்தைக் குடித்து மக்கள் மாண்ட கொடுமையும், தாய்த்தெய்வத்தின் சீற்றமும், தோட்டத்து மனிதர்களின் பச்சையான பேச்சும் கலந்த இருண்ட நாவல். அதற்கு வந்த எதிர்வினைகளில் பல, முழு நூலையும் வாசித்து எழுந்தவை அல்ல. பிய்த்தெடுத்த சில பக்கங்களை வைத்து எழுந்தவை. 2020 டிசம்பரில் உள்துறை அமைச்சு அந்நூலுக்குத் தடை விதித்தது. ஒரு நாவல் பிடிக்கவில்லை என்று சொல்ல எவருக்கும் உரிமை உண்டு. அருவருப்பும் ஒரு வாசக எதிர்வினைதான், அதையும் இந்த அரங்கில் கேட்க வேண்டும். ஆனால் நாலாவது பிள்ளை கிணற்றில் விழும் காட்சியோடு எழுந்து வீட்டுக்குப் போனவர், நாடகம் கொலையைக் கற்றுக்கொடுக்கிறது என்று தீர்ப்புச் சொன்னால், அதை வாசிப்பு என்று ஏற்க என் மனம் ஒப்பவில்லை. விடியும்வரை உட்கார்ந்திருப்பது கதைக்குக் காட்ட வேண்டிய குறைந்தபட்ச மரியாதை.

கட்டுரையாளர்களுக்கு என் வேண்டுகோள் இரண்டு. முதலாவது, வாசகர் நின்ற இடத்தைத் துல்லியமாகப் பதிவு செய்யுங்கள். எந்தப் பக்கத்தில் மூடினார், எத்தனை நாள் கழித்துத் திறந்தார், எதைத் தாண்டிப் போனார், எதற்குத் திரும்பி வந்தார். பென்சில் கோடும் மளிகை ரசீதும் நமக்கு ஆவணங்கள். திறனாய்வாளரின் முடிவான கருத்து நூலகத்தில் கிடைக்கும். அழித்து மறுபடி போட்ட கோட்டை நாம் தேடிப் போனால்தான் கிடைக்கும்.

இரண்டாவது, வாசகரின் வாழ்வை அவருடைய வாசிப்பிலிருந்து பிரிக்காதீர்கள். முனியாண்டிக் கல்லைப் பற்றிய பேச்சு நாவலுக்கு வெளியே போன பேச்சு என்று ஒரு மதிப்பீட்டாளர் சிவப்பு மையால் கோடிடலாம். கோடிடும் முன் ஒரு முறை யோசிக்கும்படி கேட்டுக்கொள்கிறேன். கூலிமில் நவீன இலக்கியக் களம் போன்ற அமைப்புகள் நூல்களைக் கூடிப் பேசும் வழக்கத்தை இங்கே உயிரோடு வைத்திருக்கின்றன. அவர்கள் கூடிப் பேசியதை நாம் எழுதிவைக்க வேண்டும். இரண்டும் சேர்ந்தால் கெடாவின் வாசிப்பு வரலாறு என்று ஒன்று எழும்.

மேடைக்கு ஒரு சொல், அவைக்கு ஒரு சொல். கட்டுரை படிப்பவர்களே, உங்கள் எதிரில் இருப்பவர்களில் பலர் நாவலை முடிக்காதவர்கள். அவர்களைக் குறைவாக எண்ணாதீர்கள். அவையில் இருப்பவர்களே, புரியாத இடம் வந்தால் கையைத் தூக்குங்கள். கை தூக்கத் தயக்கமாக இருந்தால் பக்கத்தில் இருப்பவரைக் கேளுங்கள். கேட்கப்பட்டவர் நாலு வார்த்தையில் சொல்லிவிட்டு மீண்டும் மேடையைப் பார்க்கட்டும். மதிய உணவின்போது அந்த வழக்கைத் தொடருங்கள். மாலையில் பேருந்தில் திரும்பும்போதும் விடாதீர்கள்.

அந்த நம்பிக்கையோடு இந்தக் கருத்தரங்கைத் தொடங்கிவைக்கிறேன். முதல் அமர்வின் கட்டுரையாளரை மேடைக்கு அழைக்கிறேன்.