ஆயிரம் விரலும் ஒரே கை

(ஆத்தூரில் மில் தொழிலாளர், விவசாயத் தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய உரை)



கூட்டம் தொடங்குமுன் ஒரு வாலிபத் தோழர் நம்மிடம் ஒரு யோசனை சொன்னார். "கூலி உயர்வுக் கோரிக்கையைப் பேஸ்புக்கில் போட்டால் நாற்பது பேர்தான் லைக் போடுகிறார்கள். போனில் ஒரு ஸ்கிரிப்டை ஏற்றிவிட்டால் ராவோடு ராவாக நாலாயிரம் விழும்" என்றார். அவர் எண்ணம் நல்லது. வழியைப் பற்றித்தான் பேச வேண்டியிருக்கிறது.

ஸ்கிரிப்ட் என்றால் என்ன? போனுக்கு எழுதிக் கொடுக்கும் கட்டளை வரிசை. பதிவைத் திற, லைக் குறியைத் தேடு, தொடு, ஐந்து நொடி பொறு, அடுத்த கணக்குக்குப் போ. போலிக் கணக்கு ஒவ்வொன்றிலும் ஏறி, விடியவிடியச் சலிக்காமல் இதையே செய்யும். சீரான இடைவெளியில் தொட்டால் கம்பெனிக்காரன் கண்டுகொள்வான் என்று, மூன்று நொடி, ஒன்பது நொடி என்று தாறுமாறாகப் பொறுக்கவும் சொல்லிக் கொடுக்கிறார்கள். யந்திரத்துக்கு மனிதனைப்போல் தயங்கப் பயிற்சி! மில்லிலே நமக்குத் தருவது நேர் எதிர்ப் பயிற்சி.

இந்த வித்தை புதிதல்ல. 2019 பிப்ரவரி 10ல் பிரதமர் மோடி திருப்பூர் வந்தார். ட்விட்டரில் வரவேற்புக் கோஷமும், 'திரும்பிப் போ' கோஷமும் லட்சக்கணக்கில் ஓடின. அமெரிக்காவின் அட்லாண்டிக் கவுன்சில் ஆய்வுக்கூடம் கணக்கைப் பிரித்துப் பார்த்தது. இரு பக்கமும் சொற்பக் கணக்குகளே மளமளவென்று பதிந்து எண்ணிக்கையை ஊதியிருந்தன. வரவேற்புப் பக்கம் ஊதல் அதிகம். அதே ஆண்டு ஏப்ரலில், காங்கிரஸின் ஐ.டி. பிரிவோடு தொடர்புள்ளவர்கள் நடத்திய 687 பக்கங்களையும் கணக்குகளையும் பேஸ்புக் நீக்கியது.

அவர்கள் செய்ததை நாம் செய்தால் என்ன என்று கேட்கலாம். அந்த ஸ்கிரிப்டை எழுதியவன் யார்? போன் திரையைப் படிக்க அதற்கு அனுமதி கொடுத்தால், பாங்கு அனுப்பும் ஓ.டி.பி.யையும் அது படிக்க முடியும். நம் கூலிப்பணம் அங்கேதான் கிடக்கிறது.

அதைவிடப் பெரிய ஆபத்து ஒன்றுண்டு. அந்த நாலாயிரத்தை முதலாளி நம்பமாட்டான், நாம் நம்பிவிடுவோம். அதை நம்பி வேலைநிறுத்த நோட்டீஸ் கொடுத்து, மறுநாள் கேட்டில் நின்று பார்த்தால் நாற்பது பேர். அழுகல் இலையை உள்ளே வைத்துக் கட்டிய வெற்றிலைக் கட்டு என்ன ஆகும் என்று ஆத்தூர்க் கொடிக்கால் தோழர்களுக்கு நாம் சொல்ல வேண்டியதில்லை.

தூத்துக்குடியை நினையுங்கள். 2018ல் ஸ்டெர்லைட் ஆலையை எதிர்த்துக் குமாரரெட்டியாபுரத்து ஜனங்கள் போராட்டத்தில் உட்கார்ந்தார்கள். நூறாவது நாள், மே 22. ஊர்வலத்தின்மீது துப்பாக்கிச் சூடு. 13 பேர் மாண்டனர். மறுநாள் தூத்துக்குடி, நெல்லை, குமரி மாவட்டங்களில் இணையத்தையே நிறுத்தினார்கள். எந்த ஸ்கிரிப்ட் அப்போது ஓடியிருக்கும்? நூறு நாள் உட்கார்ந்த ஜனங்களைப் போலிக் கணக்கு என்று யாரால் நீக்க முடிந்தது?

போனே வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. கூட்டத் தேதியை நம் பெயரிலேயே நம் குழுவுக்கு நினைவூட்டட்டும். அந்த நாற்பது பேரின் பெயரையும் வாலிபத் தோழர் இன்றிரவே எழுதித் தரட்டும். நாளை மாலை வேலை முடிந்ததும் அவருடன் வீடு வீடாக நாமும் வருகிறோம்.