கப்பலை ஓட்டினது யாரு?



எங்க வீட்டில் கப்பல் என்றாலே ‘ரஜூலா’தான். நாகப்பட்டினத்தில் ஏறி பினாங்கில் இறங்கிய கதையைக் கேட்டுத்தான் வளர்ந்தேன். அதன் சகோதரக் கப்பலான ‘ரோனா’வைப் பற்றி யாரும் சொன்னதில்லை.

இரண்டும் பிரிட்டிஷ் இந்தியா கம்பெனிக்காக 1926-ல் கட்டப்பட்டவை. சென்னை, நாகை, சிங்கப்பூர் என்று ஓடியவை. டெக்கில் பாய் விரித்துப் படுத்து மலாயாவுக்குப் போன நம்ம ஆட்களை நம்பித்தான் அந்த வழித்தடமே இருந்தது. 1940-ல் பிரிட்டிஷ் அரசு ரோனாவை எடுத்து துருப்புக் கப்பலாக மாற்றியது. தோட்டத் தொழிலாளர் படுத்த இடத்தில் சிப்பாய்கள் படுத்தார்கள். கப்பலை ஓட்டிய உழைப்பு மட்டும் மாறவில்லை. அது ‘லாஸ்கர்’ எனப்பட்ட இந்திய மாலுமிகளுடையது.

1943 நவம்பர் 26. அல்ஜீரியக் கடற்கரைக்கு அப்பால், ஜெர்மன் விமானம் ஒன்று ரேடியோவால் இயக்கப்படும் குண்டை ரோனா மீது ஏவியது. இறந்தவர்கள் 1,138 பேர். அதில் 1,015 பேர் அமெரிக்கச் சிப்பாய்கள். மீதியில் பெரும்பாலோர் கப்பல் தொழிலாளர்கள்.

அமெரிக்க அரசு இதைப் பல ஆண்டுகள் மூடி மறைத்தது. 2000-ல்தான் அமெரிக்க நாடாளுமன்றம் இறந்த சிப்பாய்களுக்கு மரியாதை செலுத்தித் தீர்மானம் போட்டது. அது நியாயம்தான். ஆனா தப்பிப் பிழைத்த சிப்பாய்களின் நினைவுகளில் லாஸ்கர்கள் எப்படி வருகிறார்கள் தெரியுமா? உதவாமல் ஓடியவர்களாக. அதே நினைவுகளில், உயிர்காக்கும் படகுகள் துருப்பிடித்து இறக்க முடியாமல் இறுகிக் கிடந்ததும் வருகிறது. அந்தத் துருவுக்கு யார் பொறுப்பு? கூலிக்கு வேலை செய்தவரா, கப்பலை வைத்திருந்தவரா?

லாஸ்கர்கள் வாயில்லாப் பூச்சிகளும் இல்லை. 1939-ல் போர் தொடங்கியதுமே பிரிட்டிஷ் துறைமுகங்களில் வேலைநிறுத்தம் செய்தார்கள். வெள்ளை மாலுமி வாங்கியதில் ஒரு சிறு பங்குதான் இவர்களுக்குக் கூலி. நூற்றுக்கணக்கானோர் சிறைக்குப் போனார்கள். கூலி உயர்வையும் வாங்கினார்கள்.

இதைச் சொன்னதும் ஒரு நண்பர் கேட்டார்: “ரோனாவில் செத்த லாஸ்கர்கள் தமிழரா?” அந்தக் கேள்விதான் என்னை உறுத்துது. தமிழரா இருந்தாத்தான் நினைப்போமா? நம்ம முன்னோரைக் கடல் கடக்க வைத்தது அவங்க உழைப்பு. நம்ம முன்னோரையும் அவங்களையும் மலிவாக வாங்கியது ஒரே பேரரசு.

அடுத்த முறை வீட்டில் ரஜூலா கதை வந்தா, கப்பலை ஓட்டினது யாருன்னு கேளுங்க. பதில் வராமல் போகலாம். நாம தேட வேண்டிய வரலாறு அங்கதான் தொடங்குது.