மனுவைத் தமிழிலேயே எழுதுவோம்
போடிமெட்டில் பேசியதன் சுருக்கம்

விடியுமுன் போடியில் ஜீப்பேறி மெட்டு கடக்கிறோம். ஏலக்காட்டில் மருந்து வாடை போகுமுன்னே காயெடுக்கக் குனிகிறோம். தலை சுற்றினால் வெயில் என்கிறார் கங்காணி. இந்தக் குளிரில் ஏது வெயில்?

மருந்தைக் கையாளுவோருக்கு முதலாளியே காப்புடை தரவேண்டுமென்று 1951ஆம் ஆண்டுத் தோட்டத் தொழிலாளர் சட்டத்தில் 2010இலேயே சேர்த்தார்கள். 2025 நவம்பரில் அதனிடத்தில் புதிய தொகுப்புச் சட்டம் வந்தது. இந்தக் கடமை மட்டும் நீங்கவில்லை.

அதிகாரிக்கு எழுதத் தயங்குவதேன்? மலையாளம் தெரியாதென்றா? கேரளத் தமிழர் துறைத் தலைமைக்குத் தமிழில் எழுதலாம், பதிலும் தமிழில் தரவேண்டும் என்றது 1969ஆம் ஆண்டின் கேரள ஆட்சிமொழிச் சட்டம். ஆகவே லயத்தில் குடியிருப்போர் கையெழுத்து முதலில் விழட்டும். மனு திருவனந்தபுரம் தொழில் ஆணையருக்கு. மருந்து டின்னின் பெயர், அடித்த நாள், மயங்கியவர் எத்தனை பேர், அத்தனையும் அதில் வேண்டும்.

தனியாளாய் எழுதினால் மறுநாள் ஜீப்பில் இடமிராது. கூட்டமாய் எழுதுவோம். தாள் இதோ, சுற்றுக்கு வருகிறது.