லைசென்ஸ் இல்லாமல் ஓட்டினால் பொறுப்பு யாருக்கு?

(ஆலைத் தொழிலாளரும் விவசாயத் தொழிலாளரும் சேர்ந்து நடத்திய கூட்டத்தில் பேசியது)



களை எடுத்துவிட்டுச் சாலையோரமாக வீடு திரும்பிய நம் சகோதரி மீது ஆலையின் லோடு வண்டி மோதியதும், அவர் கால் முறிந்து ஆஸ்பத்திரியில் கிடப்பதும் உங்களுக்குத் தெரியும். ஓட்டியவர் டிரைவர் அல்ல. மூட்டை தூக்கும் தொழிலாளி. லைசென்ஸ் கிடையாது. டிரைவர் அன்று லீவு. "சரக்கு நிற்கிறது, நீ எடுத்துப் போ" என்று மானேஜர் சாவியைக் கொடுத்தார். மறுத்தால் அடுத்த நாள் வேலை இருக்குமா?

மறுநாளே முதலாளியின் ஆள் இரண்டு இடத்துக்குப் போனார். ஆஸ்பத்திரியில், "ஓட்டினவனுக்கு லைசென்ஸ் இல்லை, இன்ஷூரன்ஸ் ஒரு காசு தராது. இந்தப் பத்தாயிரத்தை வாங்கிக்கொண்டு முத்திரைத்தாளில் கையெழுத்துப் போடு" என்றார். தொழிலாளி வீட்டில், "நீயாகத்தான் வண்டியை எடுத்தாய் என்று எழுதிக் கொடு" என்றார். இப்போது கிராமத்தில் ஆலைக்காரனைத் திட்டுகிறார்கள்; ஆலை வாசலில் கிராமத்தாரைத் திட்டுகிறார்கள். முதலாளிக்கு வேறென்ன வேண்டும்?

சட்டம் என்ன சொல்கிறது? 1988-ம் வருஷத்து மோட்டார் வாகனச் சட்டத்தின் 5-வது பிரிவு, லைசென்ஸ் இல்லாதவரை ஓட்டவிடக் கூடாது என்று வண்டியின் சொந்தக்காரருக்கும், வண்டியைப் பொறுப்பில் வைத்திருப்பவருக்கும் கட்டளையிடுகிறது. மீறினால் 180-வது பிரிவின்படி மூன்று மாதம் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். அபராதம் முன்பு 1,000 ரூபாய் வரை. 2019 திருத்தத்தில் 5,000 ஆயிற்று. ஆலை முதலாளிக்கு இது ஒரு வேளை விருந்துச் செலவுகூட ஆகாது! ஆனால் அந்தப் பிரிவு வழக்கில் ஏறவேண்டும். போலீஸ் எழுதியிருப்பதோ ஓட்டிய தொழிலாளியின் பெயரை மட்டும். ஓட்டியவர் மேல் குற்றமே இல்லை என்று நான் சொல்லவில்லை. சாவி கொடுத்த கை எங்கே என்றுதான் கேட்கிறேன்.

இன்ஷூரன்ஸ் தராது என்பது பாதி உண்மை. லைசென்ஸ் இல்லை என்று கம்பெனி வாதாடலாம். ஆனால், 2004 ஜனவரியில் சுப்ரீம் கோர்ட்டின் மூன்று நீதிபதிகள் தீர்ப்புச் சொன்னார்கள்: லைசென்ஸ் இல்லை என்று காட்டினால் மட்டும் போதாது, சொந்தக்காரர் கவனமின்றியோ தெரிந்தோ நிபந்தனையை மீறினார் என்பதைக் கம்பெனியே நிரூபிக்க வேண்டும். அப்படி நிரூபித்தாலும், அடிபட்டவருக்கு முதலில் பணத்தைக் கொடுத்துவிட்டுப் பிறகு சொந்தக்காரரிடம் வசூலித்துக்கொள் என்று கோர்ட் உத்தரவிடலாம். கம்பெனியை அடியோடு விடுவித்தாலும் முதலாளி தப்ப முடியாது. தன் வேலைக்காக ஓட்டச் சொன்னவர் அவர். நஷ்டஈடு அவர் தலையில்தான் விழும். அதனால்தான் இத்தனை அவசரமாக முத்திரைத்தாள் வருகிறது!

உண்மையான லைசென்ஸ் என்று நம்பி ஏமாந்த முதலாளியும் உண்டு. அவருக்குக் கோர்ட் இரக்கம் காட்டியிருக்கிறது. நம் மானேஜர் ஏமாறவில்லை. இல்லை என்று தெரிந்தே கொடுத்தார்.

டிரைவர் தோழர்களுக்கு இன்னொரு செய்தி. ஒரு லாரி டிரைவரின் லைசென்ஸ் காலாவதியாகி மூன்று வருஷம் ஆகவிருந்தது, புதுப்பிக்கவே இல்லை. விபத்தில் அவரே காயம்பட்டார். 2020-ல் சுப்ரீம் கோர்ட், லைசென்ஸ் புதுப்பிக்கப்பட்டதா என்று பார்ப்பது சொந்தக்காரரின் கடமை என்று சொல்லி, நஷ்டஈட்டை அவர் மீதே வைத்தது. ஆகவே, லைசென்ஸ் இல்லை என்பதற்காக உனக்கு ஒன்றுமில்லை என்று முதலாளி சொன்னால் நம்பாதீர்கள். அதற்காக அசட்டையாகவும் இருக்காதீர்கள். இன்ஷூரன்ஸ் கம்பெனி கொடுக்கும் பணம் வேறு, முதலாளியைத் துரத்தி வாங்கும் பணம் வேறு. தேதியைப் பாருங்கள்.

2022 ஏப்ரல் முதல், நஷ்டஈட்டு மனுவுக்கு ஆறு மாதக் கெடு என்று சட்டத்தில் எழுதியிருக்கிறது. அடிபட்டவர் வசிக்கும் ஊருக்குரிய தீர்ப்பாயத்திலேயே மனுப் போடலாம். முதலாளி இருக்கும் பட்டணத்துக்கு அலைய வேண்டியதில்லை. முத்திரைத்தாளில் யாரும் கைநாட்டு வைக்க வேண்டாம்.

நாளைக் காலை பத்து மணிக்குப் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போகிறோம். 180-வது பிரிவைச் சேர்க்கச் சொல்லி எழுத்தில் மனுக் கொடுப்போம். மானேஜர் சாவி கொடுத்ததைக் கண்ணால் பார்த்த இரண்டு லோடுமேன் தோழர்கள் சாட்சி சொல்லச் சம்மதித்திருக்கிறார்கள். அவர்களோடு ஆலையிலிருந்தும் கிராமத்திலிருந்தும் ஆட்கள் வரவேண்டும். வருகிறவர்கள் இப்போதே பெயர் கொடுங்கள்.