மொழியறியா நகை

 

நாம் வாழும் மும்பை கடல் சூழ்ந்த நகரம். இந்நாட்டில் சலனப்படம் முதன்முதலாக ஓடியதும் இங்கேதான். 1896 சூலை 7 ஆம் நாள் வாட்சன் ஓட்டலில் காட்டப்பெற்ற லூமியேர் சகோதரரின் படங்களுள் ஒன்று, கடலில் குதித்து நீராடுவோரைப் பற்றியது.

பத்தொன்பது ஆண்டுகள் சென்றபின், 1915 இல், சார்லி சாப்ளின் அமெரிக்கக் கடற்கரையொன்றில் 'பை தி சீ' என்னும் ஊமைப்படத்தை எடுத்தார். கதை பெரிதன்று. வாழைப்பழம் தின்றவர் தோலை எறிகிறார். எறிந்த தோலில் தாமே வழுக்கி விழுகிறார். காற்றுக்குப் பறவாதிருக்கத் தொப்பியைக் கயிற்றால் கட்டியிருக்கிறார். எதிரே வந்தவரும் அவ்வாறே கட்டியிருக்கிறார். இரு கயிறுகளும் சிக்கிக்கொள்ள, அடிதடி மூள்கிறது. பிறகு இருவரும் சமாதானமாகி ஐஸ்கிரீம் வாங்குகின்றனர். காசு யார் கொடுப்பது என்று மீண்டும் சண்டை!

இதில் ஒரு சொல்லும் கேட்பதில்லை. ஆயினும் தாராவித் தமிழரும், மராத்தியரும், குஜராத்தியரும் ஒரே நொடியில் சிரிக்கலாம். தொல்காப்பியர் மெய்ப்பாடுகள் எட்டனுள் நகையை முதலில் வைத்தார். அது பேதைமையிலும் பிறக்கும், எள்ளலிலும் பிறக்கும் என்றார். சாப்ளினின் வாழைப்பழத்தோல் காட்டுவது பேதைமை. அங்கே விழுபவர் அவரே.

பேசும்படம் வந்தபின் எள்ளலுக்கு வேறொரு கருவியும் கிடைத்தது. 1968 இல் வெளிவந்த 'படோசன்' இந்திப் படத்தில், மெஹ்மூத் நடித்த தென்னாட்டு இசையாசிரியரின் உச்சரிப்பே நகைப்புக்குப் பொருளாயிற்று. நாமும் சிரித்தோம், மறுக்கவில்லை. ஆனால் மறுநாள் வேலைக்குச் சென்ற இடத்தில் அதே குரலில் நம்மை எவரேனும் விளித்தபோது, சிரிப்பு நம் தொண்டையிலேயே நின்றுவிட்டது.

அந்த வலியை அறிந்த நாம் நம்மையே ஒரு கேள்வி கேட்டுக்கொள்வோம். திருநெல்வேலியிலிருந்து நேற்று வந்திறங்கியவரின் தடுமாறும் இந்தியைக் கேட்டு நம் வீட்டுப் பிள்ளைகள் நகைக்கின்றனரா? மாதுங்காவிலும் செம்பூரிலும் பிறந்த பிள்ளையின் கொச்சைத் தமிழைக் கேட்டு நாம் நகைக்கின்றோமா? அப்படியாயின் வருத்தத்திற்குரியது. நாணிய குழந்தை மீண்டும் தமிழில் வாய் திறவாது.

சிரிப்போம், நன்றாகச் சிரிப்போம்! ஆனால் பிறர் நாவைக் கண்டன்று. நாம் எறிந்த தோலில் நாமே வழுக்கும்போது சிரிப்போம்.